இருக்கிற இடத்தில் போய்ப் பார்ப்பது

பிடித்த செடியைப் பார்த்தால் கேட்டு வாங்கி வருவது எங்கள் வீட்டுப் பழக்கம். கல்யாணத்துக்குப் போய்த் திரும்பினாலும் என் மனைவியின் பையில் ஈரத்துணியில் சுற்றிய ஒரு குச்சி இருக்கும். கொல்லையில் பாதி மரம் மட்டை அப்படி வந்தவைதான். அந்தப் பழக்கம் செல்லாத ஒரு செடியை வயதான காலத்தில் அமெரிக்காவில் பார்த்தேன்.

மகன் குடும்பம் லாஸ் வேகஸில் இருக்கிறது. அங்கிருந்து காரில் இரண்டு மணி நேரம் போனால் டெத் வேலி. 1913 ஜூலை 10 அன்று 56.7 டிகிரி செல்சியஸ் வெப்பம் பதிவான பள்ளத்தாக்கு அது. வருஷம் முழுக்கச் சேர்த்தாலும் இரண்டு அங்குலத்தை ஒட்டித்தான் மழை. நாங்கள் போனது குளிர்காலம். பள்ளத்தின் அடித்தரையில் உப்பும் மண்ணும்தான். மேலே ஏறி, பாறைச் சரிவுக்கு வந்த பிறகு மருமகள் காரை நிறுத்தச் சொன்னாள். “மாமா, அங்க பாருங்க.”

கற்களுக்கு நடுவே பீப்பாய் பீப்பாயாக ஒரு கள்ளிக் கூட்டம். காட்டன்டாப் என்கிறார்கள். ஒவ்வொன்றும் ஒன்றரை, இரண்டடி உயரம். தனித்தனிச் செடிகள் என்று நினைத்தேன். எல்லாம் ஒரே அடியிலிருந்து கிளைத்தவை. பத்து, இருபது, வயதான செடியில் முப்பது தலைகள்கூட இருக்குமாம். உடம்பே தெரியாதபடி வளைந்த முட்கள். உச்சியில் வெள்ளைக் கம்பளி, அதற்குள் காய்கள். முள்ளின் மேல் சாம்பல் நிறத்தில் மெல்லிய பூச்சு இருக்கிறது. மழையில் நனைந்தால் அது மங்கி, முள் முழுதும் சிவந்துவிடும் என்று மருமகள் சொன்னாள்.

மழை பெய்தால் குடித்துக்கொள்ள உடம்பில் மடிப்புகள் இருக்கின்றன. துருத்தி போல விரியும், நீர் குறையக் குறையச் சுருங்கும். இலைகள் கிடையாது, பச்சை உடம்பே உணவு சமைக்கிறது. அதற்கு வேண்டிய காற்றைக்கூடப் பகலில் எடுக்காது. துளைகளைத் திறந்தால் ஈரம் போய்விடும் என்பதால், இரவு குளிர்ந்த பிறகே திறக்கும். இப்படியொரு நிதானம் இருக்கிற செடி வேகமாக வளருமா? நம் முழங்கால் உயரம் வரப் பல பத்தாண்டுகள் காத்திருக்கிறது.

இதற்கு அறிவியல் பெயர் கிடைத்தது 1856இல். ரயில் பாதைக்கு வழி தேடி 1853, 54இல் மேற்கே போன குழுவில் பிகலோ என்ற மருத்துவர் இருந்தார். வழியில் கண்ட கள்ளிகளையெல்லாம் சேகரித்தார். அவரோடு சேர்ந்து இதற்குப் பெயர் வைத்த, செயின்ட் லூயிஸில் இருந்த எங்கெல்மனும் மருத்துவர்தான். கள்ளிகளை வகைப்படுத்துவதில் பெரிய பெயர். நோயாளிகளைப் பார்க்கிற தொழிலில் இருந்தவர்கள், ஒரு முட்செடியை இவ்வளவு அக்கறையாகக் கவனித்திருக்கிறார்களே என்று எனக்கு அவர்கள்மேல் பிரியமே வந்தது.

என் மனைவி வழக்கம்போல், “ஒரு தலையை எடுத்து நட்டா வராதா?” என்றாள். தேசியப் பூங்காவில் ஒரு முள்ளைக்கூட எடுக்கக் கூடாது என்பது சட்டம். சட்டம் இல்லாவிட்டாலும் வராது. விதை போட்டாலும் லேசில் முளைக்காது. முளைத்தாலும் தொட்டியில் தண்ணீர் கொஞ்சம் கூடினால் வேர் அழுகும். கள்ளி வளர்ப்பதையே வேலையாகக் கொண்டவர்களுக்கே இது சிரமமான செடி. அதற்கு வேண்டியது அந்த வெயில், அந்தக் கல், அந்த வறட்சி.

கள்ளிகள் எல்லாமே இப்படி என்று சொல்லிவிட முடியாது. நம்மூர்ச் சப்பாத்திக்கள்ளியும் அமெரிக்கக் கண்டத்திலிருந்து வந்ததுதான். இங்கே வந்து வேலியோரம், தரிசு, மேய்ச்சல் நிலம் என்று பரவி, கடைசியில் அதைத் தின்ன ஒரு பூச்சியை 1926இல் இலங்கையிலிருந்து கொண்டுவர வேண்டியிருந்தது. ஒரே குடும்பத்தில் ஒன்று போன இடமெல்லாம் வேர்விடுகிறது, இன்னொன்று பிறந்த சரிவைத் தாண்டுவதில்லை. இதில் உசத்தி தாழ்த்தி பார்க்க எனக்கு மனம் வரவில்லை.

மனிதர்களிலும் இரண்டு வகையும் உண்டு. மகள் வீட்டோடு டொரன்டோவில் போய் இருந்துகொண்டு, பனியில் நடக்கப் பழகி, நிம்மதியாக இருக்கிற சிநேகிதர் எனக்கு இருக்கிறார். இன்னொரு சிநேகிதரைப் பிள்ளைகள் அத்தனை அன்போடு கூட்டிப்போனார்கள். குளிர்சாதன அறை, மருத்துவர், எல்லாம் இருந்தது. தெருவில் நின்று பேச ஆள் இல்லாமல் ஒடுங்கிப்போனார். குறை யார்மீதும் இல்லை. அன்பு வைத்தவர்கள் அவர் எந்த மண்ணில் நிற்கிறவர் என்று ஒரு தடவை கேட்டிருக்கலாம்.

என் மகன் கேட்டான். திரும்பி வரும்போது, “இங்கயே இருந்துடறீங்களாப்பா?” என்றான். “வந்து போறேன்டா” என்றேன். அவன் வற்புறுத்தவில்லை. அதன்பிறகு விடுமுறைக்கெல்லாம் பிள்ளைகளோடு அவனே ஊருக்கு வருகிறான். அந்த வற்புறுத்தாமையை நான் பெரிய மரியாதையாக வைத்திருக்கிறேன்.

காட்டன்டாப்பின் மஞ்சள் பூவை மட்டும் இன்னும் பார்க்கவில்லை. பூக்கிற சமயம் பார்த்து டிக்கெட் போடச் சொல்லியிருக்கிறேன். வெயில் ஏறும் முன்னே விடியற்காலையில் கிளம்பிவிடலாம் மாமா, தெர்மாஸில் காபி நான் போட்டுக்கொள்கிறேன் என்கிறாள் மருமகள்.