சிவப்புப் போத்தலை எப்போது தொங்கவிடுவது?

உங்கள் பிள்ளைகள் யாரேனும் டொரன்டோ பக்கம் குடியிருந்தால், அங்குள்ள வீட்டு முற்றங்களில் சிவப்பு மூடி போட்ட சிறு போத்தலொன்று தொங்குவதைக் கண்டிருப்பீர்கள். ஹம்மிங் பறவைக்குச் சீனித்தண்ணீர் வைக்கும் போத்தல் அது. குளிர் விட்டதும் பிள்ளைகளைப் பார்க்கப் போகும் நம் போன்ற உம்மாமார் பலர் ஏப்ரலில்தான் போய் இறங்குகிறோம். “உம்மும்மா, இத இப்பவே தொங்கவிடுவமா?” என்று பேரப்பிள்ளை கேட்டால் பதில் சொல்லத் தெரிந்திருக்க வேண்டாமா?

இதை நம் ஊர்த் தேன்சிட்டு என்று எண்ணிவிடாதீர்கள். தேன்சிட்டு வேறு குடும்பம். ஹம்மிங் பறவை அமெரிக்கக் கண்டங்களைத் தவிர வேறெங்கும் கிடையாது. தேன்சிட்டு பெரும்பாலும் கிளையைப் பற்றிக்கொண்டு தேன் குடிக்கும். இதுவோ அந்தரத்தில் நின்றபடியே குடிக்கும், பின்னோக்கியும் பறக்கும். டொரன்டோவுக்கு வரும் இனத்தில் ஆணின் தொண்டை மாணிக்கம் போலச் சிவந்து மின்னும். எடை சுமார் 3 கிராம். ஒரு தேக்கரண்டிச் சீனி இதைவிடப் பாரம்.

குளிர்காலத்தை மெக்சிகோவிலும் மத்திய அமெரிக்காவிலும் கழிக்கும் இந்தப் பறவை, வசந்தத்தில் வடக்கே கிளம்புகிறது. வழியில் மெக்சிகோ வளைகுடா. சுமார் 800 கிலோமீட்டர் கடலை, இறங்கி இளைப்பாற ஒரு கிளையுமில்லாமல், பல பறவைகள் ஒரே மூச்சில் கடந்துவிடுகின்றன. பருத்தித்துறையிலிருந்து தெய்வேந்திரமுனை வரை நம் நாட்டின் நீளமே ஏறத்தாழ 435 கிலோமீட்டர்தான். புறப்படுமுன் உண்டு உண்டு உடல் எடையை இரட்டிப்பாக்கிக் கொண்டு, அந்தக் கொழுப்பை எரித்தே கரைசேர்கிறது. தவக்குலுக்கு நபி (ஸல்) அவர்கள் பறவையை உதாரணம் காட்டியது எனக்கு அங்கேதான் நன்றாக விளங்கியது. ஸுப்ஹானல்லாஹ்!

இனி நாள் கணக்கு. வளைகுடாக் கரையோரத்தில் உள்ளவர்கள் மார்ச் தொடக்கத்திலேயே போத்தலை வெளியே வைக்கிறார்கள். டெக்சாஸில் இருக்கும் மச்சி தொங்கவிட்டுவிட்டார் என்று டொரன்டோவிலும் தொங்கவிட்டால், அது பனியில் உறைந்து நிற்கும். தெற்கு ஒன்டாரியோவுக்கு முதல் பறவைகள் வருவது ஏப்ரல் கடைசியில். பெரும்பாலானவை மே மாதத்தில். ஆண் முன்னதாக வந்து இடம் பிடிக்கும். பெண் சில நாள் பிந்தி வரும். (ஆணின் வேலை ஏறக்குறைய அத்துடன் சரி. சிலந்தி நூலால் கூடு கட்டுவதும் குஞ்சுக்கு ஊட்டுவதும் பெண் தனியாகத்தான்!)

ஆகவே ஏப்ரல் கடைசி வாரத்தில், பறவை கண்ணில் படுமுன்பே தொங்கவிட வேண்டும். என் மகளின் பக்கத்து வீட்டு மூதாட்டி கலண்டரில் ஏப்ரல் 25ஐ வட்டமிட்டு வைத்திருப்பார். போன வருடம் போத்தல் இருந்த அதே இடத்தைத் தேடி வந்து சுற்றும் பறவைகள் உண்டு என்பார் அவர். அவ்வளவு தூரம் பறந்து வரும் விருந்தாளி வெறும் கொக்கியைப் பார்க்கலாமா? வசந்தத்தின் அந்தத் தொடக்க நாட்களில் பூக்களும் குறைவு. மரங்கொத்தி இனமொன்று மரத்தில் துளையிட்டுக் கசியவிடும் சாற்றையும் சிறு பூச்சிகளையும் நம்பித்தான் அது நாளைக் கழிக்கும். நம் போத்தல் இல்லாவிட்டாலும் அதன் ரிஸ்க் அதற்குண்டு. இதை மறந்து நாமே ஊட்டி வளர்ப்பதாகப் பெருமை பேச வேண்டியதில்லை.

கலவை எளிது. ஒரு கோப்பை வெள்ளைச் சீனிக்கு நான்கு கோப்பை தண்ணீர். கரைத்து, ஆறவைத்து ஊற்றுங்கள். தேன் ஷிபா என்பது நமக்கு. இந்தப் போத்தலில் தேன் ஊற்றினால் புளித்துப் பூஞ்சணம் பிடித்துப் பறவைக்கு நோயாகும். சிவப்புச் சீனியும் கூடாது, சாயமும் கூடாது. மூடியின் சிவப்பே போதும், பறவை கண்டுகொள்ளும். குளிர்ந்த நாட்களில் நான்கைந்து நாளுக்கொரு முறையும், கோடையில் இரண்டு நாளுக்கொரு முறையும் கழுவி, புதிதாக ஊற்ற வேண்டும்.

இலையுதிர் காலத்தில் போத்தலை விட்டுவைத்தால் பறவை போகாமல் தங்கிவிடும் என்று பயப்படுவோர் உண்டு. அப்படியல்ல. பகல் குறுகுவதே அதற்குப் பயண அறிவிப்பு. கடைசிப் பறவையைக் கண்டபின் இரண்டு வாரம் வரை இருக்கட்டும். பிந்திய பயணிக்கு உதவும்.

இரண்டு வேலை செய்யும் பிள்ளைகளுக்குப் போத்தல் கழுவ ஏது நேரம்? எத்தனையோ வீடுகளில் உள்ளே கறுத்துப்போய்த் தொங்குவதைப் பார்த்திருக்கிறேன். நீங்கள் ஊர் திரும்பிய பின் கழுவ ஆளில்லை என்றால், தொங்கவிடாமலே இருங்கள். அதற்குப் பதில் வேலியோரம் காட்டுக் கொலம்பைன் செடி நாலைந்து நட்டுவிட்டு வாருங்கள். அந்த மண்ணுக்கே உரிய செடி. சிவப்பும் மஞ்சளுமாகத் தலைகீழாய்த் தொங்கும் அதன் பூ, பறவை வந்து சேரும் மே மாதத்தில்தான் விரிகிறது.