ஓர் இலையைத் திருப்பி வைப்பவர்

கொங்குப் பகுதியில் ஒரு கல்லூரியின் ஹெர்பேரியம், அதாவது உலர்த்திய செடிகளின் தொகுப்பகம். ஏற்காட்டிலிருந்து மாணவர் ஒருவர் பறித்து வந்த குறிஞ்சிக் குடும்பத்துச் செடி பாலிதீன் பையிலிருந்து அப்போதுதான் வெளியே வந்திருந்தது. பதப்படுத்தும் வேலையைப் பார்க்கும் அக்கா அதைச் செய்தித்தாள் மேல் கிடத்தினார். ஒன்றன்மேல் ஒன்று படிந்த இலைகளை விலக்கினார், பூக்கொத்தை ஒதுக்கினார். எல்லா இலைகளும் மேல்முகம் காட்டிக் கிடக்க, ஒன்றை மட்டும் புரட்டிப் போட்டார்.

"அடிப்பக்கமும் தெரியோணுமில்லீங்க. முடி, நரம்பு எல்லாம் அங்கதான இருக்குது. இப்பவே திருப்பிடோணும். காஞ்சப்புறம் தொட்டா ஒடிஞ்சிரும்" என்றார்.

நூறு வருடம் கழித்து ஓர் ஆய்வாளர் இந்தத் தாளை எடுத்தால் எதைப் பார்க்கலாம், எதைப் பார்க்க முடியாது என்பது அந்தக் கணத்தில் முடிவாகிவிட்டது. இதை வெறும் கைவேலை என்று சொல்ல எனக்கு மனம் வரவில்லை.

உயரமான புல்லாக இருந்தால் வெட்டக் கூடாது. வேர் முதல் கதிர் வரை முழுசாக, இரண்டாகவோ மூன்றாகவோ மடக்கித் தாளுக்குள் அடக்க வேண்டும். சதைப்பற்றுள்ள செடியை முதலில் கொதிநீரில் முக்கி எடுக்கிறார்கள். இல்லாவிட்டால் அழுத்தத்துக்குள்ளேயும் உயிரைப் பிடித்துக்கொண்டு கிடந்து, கடைசியில் இலையை உதிர்த்துவிடுமாம். மரச்சட்டங்களுக்கு நடுவே வைத்து வாரால் இறுக்கிக் கட்டிய பிறகு, தினமும் ஈரத்தாளை எடுத்துவிட்டுக் காய்ந்த தாள் மாற்றுவதுதான் பாதி வேலை. ஒரு நாள் விட்டால் பூஞ்சணம் வந்து இலை கருத்துப்போகும். காய்ந்ததை 42க்கு 28 சென்டிமீட்டர் கெட்டித் தாளில் பசை தடவி ஒட்டுகிறார்கள். பசைக்கு நிற்காத தடித்த தண்டை ஊசி நூலால் தைத்து, தாளின் பின்னால் விழும் முடிச்சின் மேல் ஒரு காகிதத் துண்டை ஒட்டி மறைக்கிறார்கள். அப்படிச் செய்யாவிட்டால் கீழே இருக்கும் தாளின் செடியில் முடிச்சு உரசும். உதிர்ந்த விதைக்கும் இதழுக்கும் ஓரத்தில் ஒரு காகித உறை உண்டு. எதையும் தூக்கிப் போடுவதில்லை. பழைய தாள்களில் பூச்சி வராமலிருக்கப் பாதரச உப்பு பூசியிருப்பதால், அவற்றைத் தொட்டால் கை கழுவாமல் சாப்பாட்டுப் பக்கம் போகக் கூடாது.

அக்கா இரும்பு அலமாரியைத் திறந்து ஒரு கட்டை எடுத்துக் காட்டினார். நாப்தலின் வாடை. லேபிளில் நீலகிரி, குந்தா, 1950களின் தொடக்கம். குந்தா மின்திட்ட வேலை 1956இல் தொடங்கியது. அதன் அணைகள் எழுந்தபோது சோலையும் புல்வெளியுமாக இருந்த பள்ளத்தாக்குகள் நீருக்குள் போயின. அலமாரிக்குள் இருப்பது வேறொரு நீலகிரி. இன்று பேருந்தில் ஏறி அங்கே போய்ச் சேர முடியாது.

காய்ந்த செடியை வைத்துக்கொண்டு என்ன செய்வது என்று கேட்பவர்களுக்கு ஒரு புல்லின் கதை சொல்வேன். ஹப்பார்டியா என்று பெயர். ஜோக் அருவியின் சாரலில் 1919இல் சேகரித்தது. ஆற்றை மின்சாரத்துக்குத் திருப்பியபின் சாரல் குறைந்தது, புல்லையும் காணவில்லை, அழிந்துவிட்டது என்றே எண்ணினார்கள். பல பத்தாண்டுகளுக்குப் பிறகு மகாராஷ்டிரத்தின் தில்லாரிப் பகுதியில் அது மீண்டும் கிடைத்தது. பழைய தாளும் அதைக் கொண்டு எழுதிய விவரிப்பும் இல்லாவிட்டால், கண்ணெதிரே நின்றாலும் அதை இன்ன புல் என்று யார் சொல்லியிருக்க முடியும்?

தாளின் வலது கீழ் மூலையில் லேபிள். சேகரித்தவர் பெயர், எண், நாள், இடம், இனம் கண்டவர் பெயர். செடியைத் தாளில் ஏற்றியவர் பெயருக்கு அதில் இடமே இல்லை. எனக்கு அது உறுத்தியது. கோயம்புத்தூரில் பல ஆண்டுகள் பணியாற்றிய ராபர்ட் வைட் 1838 முதல் 1853 வரை வெளியிட்ட தென்னிந்தியத் தாவரப் படத்தொகுதிகளுக்கு வரைந்தவர்கள் ரங்கய்யாவும் கோவிந்துவும். படங்களின் அடியில் அவர்கள் பெயரை வைட் அச்சிட்டார். ஓர் ஆர்க்கிட் பேரினத்துக்குக் 'கோவிந்தூயா' என்றே பெயரிட்டார். பின்னாளில் அது டிராப்பிடியா என்ற பேரினத்துக்குள் அடங்கிவிட்டது. ஆனாலும் தாவரவியல் ஏடுகளில் ஓவியர் பெயர் அழியவில்லை. காலனிக் காலத்து அதிகாரி ஒருவருக்குத் தோன்றியது நம் கல்லூரிகளுக்கும் தோன்ற வேண்டும். லேபிளில் ஒரு வரி சேர்க்க என்ன செலவாகும்?

அக்காவிடமே இதைச் சொன்னேன்.

"எம் பேரு கெடக்குதுங்க. மொதல்ல ஊர்ப் பேரை ஒழுங்கா எழுதச் சொல்லுங்க" என்று மேசை மேலிருந்த இன்னொரு கட்டைத் தள்ளிக் காட்டினார். வேறொரு மாணவர் காயவைத்துக் கொடுத்தது. துண்டுச் சீட்டில் இடம் என்ற இடத்தில் 'மலை அடிவாரம்' என்று மட்டும் இருந்தது. எந்த மலை, எந்தப் பக்கம், எவ்வளவு உயரம், பூவின் நிறம் என்ன, ஒன்றும் இல்லை. காய்ந்தால் நிறம் போய்விடும், அப்புறம் செடியைக் கேட்டுத் தெரிந்துகொள்ள முடியாது. அதைத் தாளில் ஏற்ற மறுத்துவிட்டாராம். பையன் தன் கள நோட்டை எடுத்துவர விடுதிக்குப் போயிருந்தான். அவன் வரும்வரை அந்தக் கட்டைத் தொடுவதில்லை என்று ஓரமாக வைத்துவிட்டு, ஏற்காட்டுச் செடிக்கு அடுத்த தாளை விரித்தார்.