இருபத்தெட்டாயிரம்

அந்தக் கண் ஆஸ்பத்திரியில் விலை சொல்வதற்கென்றே தனியாக ஓர் அறை இருக்கிறது. டாக்டர் விலையைப் பற்றிப் பேசமாட்டார். கண்ணைப் பார்ப்பார், "உங்களுக்குப் பண்ணலாம்" என்பார், அவ்வளவுதான். அதற்குப் பிறகு கவுன்சிலர் என்று பேட்ஜ் குத்திய பெண் ஒருவர் நம்மை உள்ளே அழைத்து உட்காரவைத்து, லேமினேட் செய்த அட்டை ஒன்றை நம் பக்கம் திருப்பிவைப்பார்.

சொட்டு மருந்து விட்டிருந்ததால் பக்கத்தில் இருக்கும் எழுத்தெல்லாம் எனக்குக் கலங்கித் தெரிந்தது. மருந்து விட்டால் வண்டி ஓட்டக்கூடாது, துணைக்கு ஆள் வேண்டும் என்று முதல் நாளே போனில் சொல்லியிருந்தார்கள். தாம்பரத்திலிருந்து அக்கா வந்திருந்தாள். அவள்தான் அட்டையை வாங்கி வாசித்தாள்.

"முப்பத்தெட்டாயிரம். எழுபத்திரண்டாயிரம். ஒரு லட்சத்துப் பத்தாயிரம்." நிறுத்திவிட்டுக் கேட்டாள்: "மேடம், இது ஒரு கண்ணுக்கா, ரெண்டு கண்ணுக்குமா?"

ரெண்டுக்கும்தான். ஆனால் இந்தக் கேள்வி எனக்குத் தோன்றவே இல்லை. பதிமூன்று வருஷமாக மென்பொருள் எழுதுகிறேன், அலகு என்ன என்று கேட்காமல் ஒரு எண்ணை நம்பக்கூடாது என்று ஜூனியர்களுக்குப் பாடம் எடுக்கிறேன். கேட்டது அக்கா.

அட்டையைத் திருப்பிக் கொடுக்கும்போது, யாரிடம் என்றில்லாமல் சொன்னாள்: "அன்னைக்கு இருபத்தெட்டாயிரம் சொன்னாங்க."

"என்னைக்கு?"

"சும்மா சொன்னேன். நீ கேளு, அவங்க ஏதோ சொல்றாங்க பாரு."

*

அந்த வாரம் முழுக்க நான் எக்ஸெல்லில் உட்கார்ந்திருந்தேன். எனக்கு ஒன்று புரியவில்லை என்றால் அதை வரிசையாகவும் பத்தியாகவும் பிரித்துப் போட்டால்தான் தூக்கம் வரும்.

மூன்று விலைக்கும் என்ன வித்தியாசம்? முதலாவதில், கருவிழியின் மேல் அடுக்கை ஒரு நுண்ணிய பிளேடால் மூடி மாதிரி சீவித் திறப்பார்கள். பிறகு எக்ஸைமர் லேசர் உள்ளே செதுக்கும், மூடியைத் திரும்ப மூடிவிடுவார்கள். இரண்டாவதில் அந்த மூடியைப் போடுவதற்கும் ஒரு லேசர், ஃபெம்டோசெகண்ட் லேசர். ஆக இரண்டு எந்திரங்கள். மூன்றாவது ஸ்மைல். அதில் மூடியே கிடையாது. ஃபெம்டோசெகண்ட் லேசர் கருவிழிக்குள்ளேயே ஒரு மெல்லிய வில்லையை வெட்டும், அதைச் சின்னக் கீறல் வழியாக உருவி எடுத்துவிடுவார்கள்.

லேசர் என்றதும் அளவில்லாத துல்லியம் என்று நினைத்துக்கொள்கிறோம். உண்மையில் இதுவும் ஒரு பட்ஜெட்தான். என் கருவிழியின் தடிமன் 520 மைக்ரான். என் பவர் மைனஸ் 5.25. ஆறு மில்லிமீட்டர் அகலத்துக்குச் செதுக்கினால் ஒரு டயாப்டருக்குக் குறைந்தது 12 மைக்ரான் போகும். எனக்கு 63. மூடிக்கு 110. கழித்தால் 347 மிச்சம். மூடிக்கு அடியில் 250 மைக்ரானாவது மிஞ்ச வேண்டும் என்பது டாக்டர்கள் வைத்திருக்கிற பழைய கணக்கு. அதற்குக் கீழே போனால் கருவிழி வலுவிழந்து பிதுங்கும் ஆபத்து உண்டு. மெல்லிய கருவிழிக்காரர்களிடம் எவ்வளவு பணம் இருந்தாலும் டாக்டர் முடியாது என்றுதான் சொல்ல வேண்டும். அப்படிச் சொல்லத் தெரிந்த இடமா என்பதுதான் விலைக்கு முன்னால் பார்க்க வேண்டியது.

அடுத்த வரிசை இன்சூரன்ஸ். நான் எடுத்திருந்த பாலிசியைத் திறந்து பார்த்தேன். பார்வைக் குறைபாடு 7.5 டயாப்டருக்குக் கீழே இருந்தால் சிகிச்சைச் செலவு கிடையாது என்று ஒரு வரி. பள்ளியில் என்னைச் சோடாபுட்டி என்று கூப்பிட்ட பயல்கள் யாரிடமும் இப்படி ஒரு வரம்பு இருந்ததில்லை.

கடைசி வரிசையில்தான் கணக்கு இடித்தது. கண்ணாடிக்கு இரண்டு வருஷத்துக்கு ஒருமுறை ஒன்பதாயிரம் செலவழிக்கிறேன், அதாவது வருஷத்துக்கு 4,500. எழுபத்திரண்டாயிரத்தை அதால் வகுத்தால் பதினாறு வருஷம். எனக்கு இப்போது 34 வயது. போட்ட காசு திரும்பும்போது ஐம்பது ஆகியிருக்கும். ஆனால் நாற்பதைத் தாண்டியதும் கண்ணுக்குள் இருக்கும் லென்ஸ் இறுகிப்போய், பக்கத்தில் உள்ளதை வாசிக்கத் தனிக் கண்ணாடி வேண்டியிருக்கும். லேசர் தொடுவது கருவிழியை மட்டும். உள்ளே இருக்கும் லென்ஸுக்கு அது எதுவும் செய்யாது.

காசை மட்டும் பார்த்தால் இது லாபமே இல்லாத வியாபாரம். பிறகு எதை வாங்கப் போகிறேன்? காலையில் கண் திறந்ததும் தலைமாட்டில் கையால் துழாவாமல் இருப்பதை. மழையில் வண்டி ஓட்டுவதை. கடலில் இறங்கினால் கரையில் நிற்கிற ஆள் யார் என்று தெரிவதை. இதற்கெல்லாம் எக்ஸெல்லில் பத்தி போடத் தெரியவில்லை.

*

ஏன் இந்த விலை என்று தேடிக்கொண்டு போனதில் ஒரு தமிழ்ப் பெயர் வந்தது. ரங்கசாமி சீனிவாசன். 1929-ல் மெட்ராஸில் பிறந்து, மெட்ராஸ் பல்கலைக்கழகத்தில் படித்துவிட்டு அமெரிக்கா போய் ஐபிஎம் ஆய்வகத்தில் வேலை பார்த்தவர். 1981 நவம்பரில், நன்றி நவிலல் நாள் விருந்தில் மிஞ்சிய வான்கோழியை ஆய்வகத்துக்கு எடுத்துவந்து அதன்மேல் எக்ஸைமர் லேசரைப் பாய்ச்சினார். 193 நானோமீட்டர் புற ஊதா ஒளி சுற்றியுள்ள திசுவைக் கருக்காமல், பட்ட இடத்தை மட்டும் சுத்தமாக எடுத்தது. அவரும் ஜேம்ஸ் வைன், சாமுவேல் பிளம் என்ற இரண்டு சகாக்களும் கண்டறிந்த அந்த விஷயம்தான் பிறகு கண் டாக்டர்களிடம் போய்ச் சேர்ந்தது. ஒரு துடிப்புக்கு ஒரு மைக்ரானில் கால் பங்கு அளவுக்குத்தான் அது எடுக்கும்.

கண்டுபிடிப்பு வான்கோழி எலும்பிலிருந்து வந்தாலும் கட்டணம் வேறு இடத்திலிருந்து வந்தது. 1990-களில் அமெரிக்காவில் இந்த எந்திரங்களைச் செய்த சம்மிட், விஸ்எக்ஸ் என்ற இரு நிறுவனங்களும் காப்புரிமைகளை ஒரே பையில் போட்டுக்கொண்டு, லேசரைப் பயன்படுத்தும் ஒவ்வொரு தடவைக்கும் 250 டாலர் வசூலித்தன. எந்திரத்தை விலைகொடுத்து வாங்கிய டாக்டரும், அதை இயக்கும்போதெல்லாம் கப்பம் கட்ட வேண்டும். 1998-ல் அமெரிக்க அரசின் வர்த்தக ஆணையம் இதை எதிர்த்து நடவடிக்கை எடுத்தது. மாதச் சந்தா மென்பொருளில் பிழைப்பு நடத்துகிறவன் என்பதால் எனக்கு இது சட்டென்று புரிந்தது.

இதே தமிழ்நாட்டில் கண்புரை ஆபரேஷன் கதை வேறு. மதுரையில் அரவிந்த் மருத்துவமனையின் ஆரோலேப் 1992-ல் கண்ணுக்குள் வைக்கும் லென்ஸை இங்கேயே செய்ய ஆரம்பித்தது. வெளிநாட்டிலிருந்து வந்தபோது எட்டாத விலையில் இருந்த லென்ஸ் பத்து டாலர் அளவுக்கு இறங்கியது. ஏழைகளுக்கு இலவசமாகவும் ஆபரேஷன் நடந்தது. கண்புரை குருடாக்கும் நோய், அதற்கு இரக்கம் உண்டு. மைனஸ் நாலு குருடாக்காது. அது வெறும் அசௌகரியம் என்று எல்லோருமே நினைத்தோம்.

*

ஞாயிற்றுக்கிழமை தாம்பரத்துக்குப் போனேன். அக்கா கீரை ஆய்ந்துகொண்டிருந்தாள்.

"அந்த இருபத்தெட்டாயிரம் என்னக்கா?"

"விடமாட்டியா நீ?"

சொன்னாள். 2007. அவளுக்கு 24 வயது, பி.எஸ்சி. கணக்கு முடித்து கோவில்பட்டியில் டியூஷன் எடுத்துக்கொண்டிருந்தாள். வரன் பார்க்கிற நேரம். கண்ணாடி போட்ட பெண் என்று இரண்டு இடம் தட்டிப்போயிருந்தது. அப்பா அவளை மதுரைக்குக் கூட்டிப்போய் லேசருக்குக் காட்டினார். மைனஸ் நாலு, தாராளமாகப் பண்ணலாம் என்றார்கள். இருபத்தெட்டாயிரம். தீப்பெட்டி ஆபீஸில் கணக்கு எழுதிக்கொண்டிருந்த அப்பா அந்தத் தொகையைச் சேர்த்துவைத்திருந்தார்.

"அடுத்த மாசம் உனக்கு கவுன்சிலிங் வந்துச்சு."

என் முதல் வருஷ ஃபீஸ் 32,500. அந்த எண் எனக்கு இன்றைக்கும் மனப்பாடம். டிடி எடுக்க அப்பாவோடு பேங்க் வரிசையில் நின்றது நான்தான். அது எங்கிருந்து வந்த பணம் என்று நான் கேட்டதில்லை.

"எனக்கு யாரும் சொல்லலையே."

"சொல்லி என்ன பண்ணியிருப்ப? படிக்க மாட்டேன்னு சொல்லியிருப்பியா?" கீரைத்தண்டை ஒடித்தாள். "நான்தான் அப்பாட்ட சொன்னேன், அவனுக்குக் கட்டுங்கன்னு. எனக்கு என்ன, கண்ணாடியைக் கழட்டி வச்சிட்டு நின்னாப் போச்சு."

அப்படித்தான் நின்றிருக்கிறாள். அத்தான் பெண் பார்க்க வந்த அன்று கண்ணாடி இல்லாமல் காபித் தட்டோடு போனாள். "உங்க அத்தான் சட்டை கலர் மட்டும் தெரிஞ்சுது. முகம் தெரியல. பிடிச்சிருக்கான்னு அம்மா கேட்டாங்க, பிடிச்சிருக்குன்னேன்." சிரித்தாள். நானும் சிரித்தேன், பாதியில் நின்றுவிட்டது.

அவர்கள் கல்யாண ஆல்பம் எங்கள் வீட்டில் இருக்கிறது. ஒரு போட்டோவிலும் அக்கா கேமராவைப் பார்த்திருக்கமாட்டாள். பார்வை எப்போதும் கொஞ்சம் தள்ளியே இருக்கும். வெட்கம் என்று இத்தனை வருஷம் நினைத்திருந்தேன். கேமரா எங்கே இருக்கிறது என்று அவளுக்குத் தெரிந்திருக்காது.

"நீயும் பண்ணிக்கோக்கா. நான் கட்டுறேன்" என்றேன். வேண்டாம் என்றாள். சண்டை போட்டு அவளையும் டெஸ்டுக்கு உட்காரவைத்தேன். டாக்டர் நேர்மையானவர். "பண்ணலாம்மா, கருவிழி நல்லா இருக்கு. ஆனா உங்களுக்கு 41. இப்ப தூரத்தைச் சரி பண்ணிட்டா, ரெண்டு மூணு வருஷத்துல வாசிக்கிறதுக்குக் கண்ணாடி வேணும். இப்ப நீங்க கண்ணாடியைக் கழட்டிட்டா பக்கத்துல நல்லா தெரியுதுல்ல? அதை இழந்துடுவீங்க. யோசிச்சுக்கோங்க."

வெளியே வந்து அக்கா சொன்னாள்: "அப்ப பண்ணியிருந்தா பதினேழு வருஷம். இப்ப பண்ணா மூணு வருஷம். வேணாம்டா."

இருபத்தெட்டாயிரத்தைப் பதினேழால் வகுத்தால் வருஷத்துக்கு 1,647 ரூபாய். ஆட்டோவிலேயே போட்டுப் பார்த்தேன். என் ஒரு மாத ஸ்விக்கி பில் அதைவிட அதிகம். இன்றைக்கு அந்தப் பணம் என்னிடம் எத்தனை மடங்கு வேண்டுமானாலும் இருக்கிறது. அவளுடைய பதினேழு வருஷம்தான் எந்த அட்டையிலும் எந்தக் கட்டத்திலும் இல்லை.

*

நான் நடுக்கட்டத்தை எடுத்தேன். டெஸ்ட், மருந்து எல்லாம் தனி. பவர் திரும்பி வந்தால் மறுபடி செய்வதற்குக் காசு உண்டா என்று எழுதி வாங்கிக்கொண்டேன். கண் உலர்வு, ராத்திரியில் விளக்கைச் சுற்றி வளையம் தெரிவது எல்லாம் ஒப்புதல் படிவத்தில் இருந்தன, வாசித்துத்தான் கையெழுத்துப் போட்டேன்.

மரத்துப்போக மருந்து விட்டார்கள். இமையைப் பிடித்துவைக்க ஒரு கிளிப். கண்ணை ஒரு வளையம் அழுத்தியதும் சில நொடி எல்லாம் இருட்டு. அப்புறம் ஒரு பச்சைப் புள்ளி, டக்டக்கென்ற சத்தம், முடி பொசுங்குகிற மாதிரி ஒரு வாசனை. ஒரு கண்ணுக்கு ஒரு நிமிஷம்கூட ஆகவில்லை.

வெளியே வந்தபோது எல்லாம் பனி மூடின மாதிரி இருந்தது, கண்ணில் எரிச்சல். அக்கா மருந்துக்கடையில் வாங்கிய மூன்று சொட்டு மருந்து பாட்டில்களையும் மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். லேபிளில் எழுத்து பொடியாக இருந்தது. கண்ணாடியைக் கழற்றித் தலைமேல் ஏற்றிவிட்டு, பாட்டிலை மூக்குக்குப் பக்கத்தில் கொண்டுபோய் வாசித்தாள்.

"இது ஒரு நாளைக்கு ஆறு தடவை. இது நாலு. இதைக் குலுக்கிட்டு விடணும். கேக்குதா?"

"கேக்குதுக்கா."

"கண்ணைக் கசக்காத."

கையை எடுத்துவிட்டேன்.