ரோஸியை மறைத்தது எது?

மலையாளத்தின் முதல் படமான ‘விகதகுமாரன்’ பிரதி அழிந்துவிட்டதால்தான் அதன் நாயகி பி.கே. ரோஸியைப் பற்றி நமக்கு அதிகம் தெரியாமல் போனது என்கிறார்கள். எனக்கு இது சரியாகப் படவில்லை. அந்தப் படத்தை எடுத்து, அதில் நடிக்கவும் செய்தவர் அகஸ்தீஸ்வரத்துக்காரர் ஜே.சி. டேனியல். படம் அவருக்கும்தான் அழிந்தது. நொடித்துப்போய் 1975இல் இறந்தார். ஆனாலும் அவரைத் தேடிப்போய்ப் பேசி எழுதப் பத்திரிகையாளர் சேலங்காட்டு கோபாலகிருஷ்ணன் இருந்தார். பிற்பாடு கேரள அரசு அவர் பெயரில் விருதே நிறுவியது. ரோஸி கதை வேறு. காக்காரிசி என்ற நாட்டார் நாடகத்தில் நடித்துவந்த, புலையர் என்ற ஒடுக்கப்பட்ட சமூகத்துப் பெண், திரையில் சரோஜினி என்ற நாயர் பெண்ணாக வந்தார். அதைப் பொறுக்காத மேல்சாதியினரால் திருவனந்தபுரம் கேபிட்டல் திரையரங்கில் கல் பறந்தது. ரோஸி ஊரைவிட்டே ஓடி, நாகர்கோவில் பக்கம் ராஜம்மாளாக வாழ்ந்து முடித்தார்.

இதெல்லாம் பின்னாளில் வாய்மொழியாகத் திரட்டியதுதானே, நம்பலாமா என்று கேட்கலாம். நியாயமான கேள்வி. படம் வெளியானது 1928ஆ 1930ஆ என்ற சண்டையே ஓயவில்லை. ஆனால் டேனியலின் கதையிலும் பெரும்பகுதி அவரே சொன்னதுதான். அதை ஏற்பவர்கள் ரோஸியிடம் மட்டும் அச்சுச் சான்று கேட்பது என்ன கணக்கோ! அந்தச் சான்று இல்லாமல் போனதற்கும் காரணம் உண்டு. எங்கள் சாமல்பட்டி, ஓசூர் பக்கம் மொழி எல்லையைத் தாண்டுவது பிழைப்புக்கான அன்றாட வேலை. மலையாளத்திலிருந்து தமிழுக்குள் வந்த ரோஸிக்கு அது தலைமறைவு. பழைய பெயரே ஆபத்து என்றிருந்தவர் யாருக்குப் பேட்டி கொடுத்திருப்பார்? நடித்த கதையைப் பெற்ற பிள்ளைகளிடம்கூட அவர் பெரிதாகப் பேசியதில்லை என்கிறார்கள்.