மலைக்கு ஒரு ஸ்டெதஸ்கோப்!

அமெரிக்காவில் மலைன்னா உங்களுக்கு எது ஞாபகம் வரும் பாஸ்? 6,190 மீட்டர் உயரத்தில் கெத்து காட்டும் அலாஸ்காவின் தெனாலியா? (சினிமா இல்லீங்க, மலை!) கடலடியில் இருந்து அளந்தா எவரெஸ்ட்டையே ஓரங்கட்டும் ஹவாயின் மௌனா கீயா? 1980 மே 18-ல் வெடிச்சு, 57 பேரைப் பலிவாங்கி, தானும் 400 மீட்டர் குள்ளமாகிப்போன செயின்ட் ஹெலன்ஸா?

எனக்கு ரெய்னியர் மேலதான் கண்ணு. வாஷிங்டன் மாநிலம், 4,392 மீட்டர், தலை நிறையப் பனி, உள்ளுக்குள்ள எரிமலை. இது வெடிக்கணும்னுகூட அவசியமில்லை. மேற்குப் பக்கப் பாறையைச் சூடான அமில நீர் அரிச்சு அரிச்சு பலவீனமாக்கி வெச்சிருக்கு. அது சரிஞ்சா பாறை, பனி, மண் எல்லாம் சேர்ந்து சிமென்ட் கலவை மாதிரி ஆத்து வழியா இறங்கும். அதுக்குப் பேர் லஹார். சுமார் 500 வருஷத்துக்கு முன்னாடி அப்படி இறங்கின சேத்து மேலதான் இன்னிக்கு ஆர்டிங்-ங்கிற ஊரே நிக்குது!

நான் இ.சி.இ. மூணாவது வருஷம், நீலகிரிக்காரன். 2009 நவம்பர்ல எங்க மாவட்டத்தில் மண் சரிஞ்சு நாப்பதுக்கும் மேல உயிர் போச்சு. இப்பவும் அடைமழைன்னா எங்க அம்மா ராத்திரி பூரா உக்காந்தே இருப்பாங்க. 'முன்கூட்டியே சொல்ல மெஷின் இருக்காடா?'னு கேப்பாங்க.

ரெய்னியர்ல இருக்கும்மா. 1998-ல் ஆத்தோரமா சென்சார் நட்டாங்க. பூகம்பம்னா தரை மெதுவா ஆடும். லஹார் வந்தா அதைவிட அதிக ஃப்ரீக்வென்சியில் அதிரும். அந்த வித்தியாசத்தைப் பிடிச்சு ரேடியோவில் அனுப்பினா, ஊருக்குள்ள சைரன். நமக்கு லேப்ல கொட்டாவி வரவைக்கிற அதே ஃபில்டர் சமாச்சாரம்தான்! ஆனா, ஆர்டிங் மக்களுக்குக் கிடைக்கிறது ஒரு மணி நேரத்துக்கும் குறைவு. அதனால ஸ்கூல் பசங்க வரிசையா மேட்டுக்கு நடந்துபோய் ஒத்திகை பார்க்கிறாங்க.

எனக்கு மெஷினைவிட இந்த நடைதான் பெருசாத் தெரியுது. 1985-ல் கொலம்பியாவின் ஆர்மெரோ ஊரை லஹார் மூடி, 20,000 பேருக்கும் மேல செத்தாங்க. எங்கெல்லாம் ஆபத்துன்னு மேப் முன்னாடியே போட்டிருந்தாங்க. ஊர்தான் காலியாகலை.

எங்க தெருவில் சைரன் வெச்சா எந்தப் பக்கம் ஓடணும்? யாருக்கும் தெரியாது. ஃபைனல் இயர் ப்ராஜெக்ட்டுக்கு சர்க்யூட் போடுறதுக்கு முன்னாடி, அந்த மேப்பைத்தான் முதல்ல வரையப்போறேன். கூட வர்றீங்களா?