முப்பும் படிகாரமும்

ஓடுகின்ற பொருளை நிற்கவைக்க வேண்டும் என்னும் ஆசை மனிதனை விட்டு என்றும் நீங்கியதில்லை. இளமை ஓடுகிறது, செல்வம் ஓடுகிறது, கையில் ஊற்றிய பாதரசம் விரலிடுக்கில் உருண்டோடுகிறது. இவை யாவற்றையும் கட்டி நிறுத்தவல்ல பொருளொன்று உண்டெனச் சித்தர் நூல்கள் பேசுகின்றன. முப்பு என்பது அதன் பெயர். அம்முப்பைத் தேடிய ஒருவரோடு ஒரே கூரையின்கீழ் வளர்ந்தவர் நாம். அவர் நம் பெரியத்தா.

அது 1965ஆம் ஆண்டு வாக்கில். இன்று திருவண்ணாமலை மாவட்டத்தைச் சேர்ந்த ஆரணி, அன்று வட ஆர்க்காடு மாவட்டத்தில் இருந்தது. பெரியத்தா அங்கே பட்டுக்குச் சாயம் தோய்ப்பவர். கச்சாப் பட்டைச் சோப்பும் காரமும் கலந்த கொதிநீரில் இட்டு அதன் பசையை நீக்குவார். எடையில் ஏறத்தாழ நான்கில் ஒரு பங்கு அதிலேயே கரைந்துவிடும். பின்னர் கொப்பரையில் அமிழ்த்திய நூலை மூங்கிற் கோலால் புரட்டிப் புரட்டி எடுப்பார். முகூர்த்த காலத்தில் ஓயாத வேலை. அது கழிந்தால் அடுப்பு அணைந்து கிடக்கும். நிலையற்ற அந்த வருவாய்தான் அவரை வேறொரு நெருப்பின் பக்கம் திருப்பியது போலும்.

ஒருநாள் வெளியூர்க்காரர் ஒருவர் ஏட்டுச்சுவடிக் கட்டோடு வந்தார். மூசையில் பாதரசத்தை இட்டு, மேலே கரித்துண்டை வைத்துத் துருத்தி ஊதினார். ஆறியபின் அடியில் ஒரு பொன்மணி கிடந்தது! கரியைக் குடைந்து உள்ளே பொன்னை ஒளித்துவைப்பது நாடெங்கும் வழங்கிய பழைய சூது என்பதை நாம் பின்னாளில்தான் படித்தறிந்தோம். அன்றோ, வீடே வாய்பிளந்து நின்றது.

முப்பு என்றால் மூன்று உப்பு. அவை எவையென்பதில் நூல்கள் ஒத்துப்போவதில்லை. மறைபொருளாகவே சொல்லிச் செல்கின்றன. அவற்றுள் ஒன்றாகப் பலர் கொள்வது பூநீர். பௌர்ணமி இரவில் உவர்மண்ணில் பூத்து வருவது. சித்திரைப் பௌர்ணமியன்று அதைச் சேகரிக்கப் பெரியத்தா ஊர்ப்புறத்து உவர்நிலத்துக்குச் சென்றபோது, அரிக்கன் விளக்கைச் சுமந்து உடன் சென்றவர் நாம்தாம். “தம்பி, ரசம் கட்டுப்பட்டுவிட்டால் நம் குடும்பமும் நிலைத்துவிடும்” என்றார். துணி வெளுப்போர் நாள்தோறும் அள்ளிச் செல்லும் மண்தான் அது. நிலவொளியில் நமக்கும் அது வேறாகத் தோன்றியது.

பெரியம்மாவின் வளையல்கள் போயின. பின்னர் வெளியூர்க்காரரும் போனார். பெரியத்தாவின் ஆசை மட்டும் போகவில்லை. அடைத்த அறையில் ஆண்டுக்கணக்காகப் பாதரசத்தைப் புடமிட்டார். அதன் ஆவி நரம்பைத் தாக்கும் நஞ்சென்று அவருக்குச் சொல்வார் இல்லை. கைகள் நடுங்கலாயின. நூல் கொப்பரையில் சீராகப் புரளவில்லை. சாயம் திட்டுத் திட்டாய் ஏறிற்று. நெசவாளர்கள் ஒவ்வொருவராய் வேறிடம் நாடினர்.

இந்தக் கனவு நம் வீட்டில் மட்டும் பிறந்ததன்று. அரபியர் இதனை ‘அல்இக்ஸீர்’ என்றனர். புண்ணில் தூவும் உலர்ந்த தூளைக் குறித்த கிரேக்கச் சொல்லிலிருந்து வந்த பெயர் அது. ஜாபிர் இப்னு ஹய்யான் பெயரால் வழங்கும் நூல்கள், உலோகங்கள் யாவும் பாதரசமும் கந்தகமும் வெவ்வேறாகக் கலந்து உண்டானவை என்று கருதின. இராமதேவர் என்னும் சித்தர் மக்கா சென்று யாகோபு ஆனார் என்று தமிழ் மரபு கூறுவதும் இவ்விரு கலைகளின் உறவைக் காட்டும்.

ஆனால் மறுத்தவர்களும் நம்மவரே. இப்னு சீனா (980–1037) தம் ‘ஷிஃபா’ நூலில், செம்பை வெள்ளிபோல் வெளுக்கச் செய்யலாம், பொன்போல் மஞ்சளாக்கலாம், அதெல்லாம் சாயமேயன்றி அதன் இனம் மாறாது என்னும் கருத்தை எழுதினார். சாயக்காரரான பெரியத்தா அறிந்திருக்க வேண்டிய பேச்சு அது! இப்னு கல்தூன் (1332–1406) இன்னும் ஆழப் பார்த்தார். இயல்பான வழியில் பிழைக்க இயலாதோரே பெரிதும் இதில் இறங்குகின்றனர் என்றார். இதை மறுத்த இப்னு சீனா செல்வம் மிக்க அமைச்சர், ஏற்ற ஃபாராபியோ வறியவர் என்று சுட்டினார். அதைப் படித்த நாளில்தான் பெரியத்தா மீது நமக்கிருந்த கோபம் தணிந்தது. அவர் தேடியது பொன்னையன்று. அடுப்பு அணையாத ஒரு மாதத்தை.

பட்டறை மூலையில் பாட்டனார் காலத்துப் படிகாரக் கட்டியொன்று கிடந்தது. நாவிதரிடமும் உண்டு, கலங்கிய நீரைத் தெளியவைக்க வீட்டிலும் உண்டு. மஞ்சிட்டி போன்ற வேர்ச்சாயங்களின் காலத்தில் நிறத்தை நூலோடு பிணைத்தது அதுதான். அதிலுள்ள அலுமினியம் ஒரு கையால் இழையையும் மறுகையால் சாயத்தையும் பற்றிக்கொள்கிறது. பிற்காலச் சாயங்கள் வந்தபின் அவ்விடத்தைப் பெரிதும் அமிலம் பிடித்துக்கொண்டது. ஓடுவதை நிறுத்தும் பொருள் நம் வீட்டிலேயே, விலை மலிவாய், மறைவின்றி இருந்தது. ஆனால் ஒரு துளியில் அது வேலை செய்யாது. நீரின் சூடும் நேரமும் கோலைப் புரட்டும் கையும் வேண்டும்.

அந்தக் கையைப் பெரியம்மா தந்தார். வளையலற்ற கைகளால் கோலைப் பிடித்தார். பெரியத்தா ஒரு முக்காலியில் அமர்ந்து, “இன்னும் கொஞ்சம்… போதும், எடு” என்று கண்ணால் பதம் பார்த்துச் சொல்வார். கை நடுங்கினும் கண் நடுங்கவில்லை. ஈரமான வெள்ளைத் துணியால் நூலைத் தேய்த்துப் பார்ப்பார் பெரியம்மா. துணியில் நிறம் ஒட்டாவிட்டால் ஒன்றும் பேசாமல் அதைப் பெரியத்தாவிடம் நீட்டுவார். அவர் அதை நெடுநேரம் பார்த்துக்கொண்டிருப்பார்.

போன நெசவாளர்களுள் சிலர் திரும்பி வந்தனர். வளையல்கள் திரும்பவில்லை.