மூன்று புள்ளி குறைவு

தரம் 5 புலமைப்பரிசில் பெறுபேறு வந்த அன்று, எனக்கு வெட்டுப்புள்ளிக்கு மூன்று புள்ளி குறைவு. வாப்பா ஒன்றும் சொல்லவில்லை. வீட்டுக்கு வந்தவர்கள்தான் சொன்னார்கள்: “பிள்ளைக்கு மூளை கொஞ்சம் மட்டுப் போல.” அந்தச் சொல்லை ஏழு வருடம் சுமந்தேன்.

இந்த வருடம் தம்பியின் முறை. முதலாம் வினாத்தாளின் நுண்ணறிவுக் கேள்விகளை அவனுக்குச் சொல்லிக் கொடுக்கையில், இவை எங்கிருந்து வந்தன என்று தேடிப் படித்தேன்.

ஒரு பாடத்தில் கெட்டிக்காரரான பிள்ளைகள் பெரும்பாலும் மற்றப் பாடங்களிலும் நன்றாகச் செய்வதைக் கண்ட சார்ள்ஸ் ஸ்பியர்மன், அடியில் ஒரு பொது நுண்ணறிவு உண்டென்று 1904இல் எழுதினார். மறு வருடம் பிரான்சில் அல்பிரட் பினேயும் தியோடர் சிமோனும் தம் சோதனையை அமைத்தார்கள். எவரையும் மட்டம் தட்ட அல்ல, விசேட உதவி தேவைப்படும் பிள்ளைகளைக் கண்டறியவே. அறிவு பயிற்சியால் வளரும் என்பது பினேயின் நம்பிக்கை. அதைப் பின்வந்தவர்கள் ஓர் எண்ணாக்கினார்கள்: உள வயதை உண்மை வயதால் வகுத்து 100ஆல் பெருக்கினால் நுண்ணறிவு ஈவு. 10 வயதுப் பிள்ளை 12 வயதுக்குரியதைச் செய்தால் 120. அறிவு ஒன்றல்ல, பல என்று 1983இல் ஹவார்ட் கார்ட்னர் சொன்னார். அந்த வாதம் இன்னும் ஓயவில்லை.

படிக்கும்போது உம்மும்மாவை நினைத்தேன். மூன்றாம் வகுப்போடு நின்றவர். 1990 ஒக்டோபரில் வடக்கு முஸ்லிம்கள் வெளியேற்றப்பட்டபோது நீராவிப்பிட்டியிலிருந்து புத்தளம் போனார். இருபது வருடம் கழித்துத் திரும்பியபோது ஊர் பற்றைக்காடு. தூர்ந்த கிணற்றையும் ஒரு புளியமரத்தையும் வைத்து எங்கள் வளவின் நான்கு எல்லையையும் காட்டினாராம். எந்த வினாத்தாளில் அதற்குப் புள்ளி?

சோதனை பொய் என்று நான் சொல்லவில்லை. ஒரு காலைப் பொழுதில் ஒருவகைத் திறமையை அது அளக்கிறது. ஆனால் வெட்டுப்புள்ளி மாவட்டத்துக்கு மாவட்டம் வேறுபடுகிறது. மாவட்ட எல்லையில் பிள்ளைகளின் மூளையா மாறுகிறது? பாடசாலையும் வசதியுமல்லவா மாறுகின்றன!

நேற்றிரவு தம்பி கேட்டான்: “ராத்தா, நான் பாஸாகாட்டி மொக்கனா?”

“இல்லடா. உனக்கு எது விளங்கல்ல என்று தெரியவரும். அத நாம இருந்து படிப்போம்.”

பெறுபேறு வரும் நாளில் எங்கள் வீட்டுக்கு வருபவர்களும் அவனிடம் இதையே சொல்ல வேண்டும்.